காளவாசல் பக்கத்து போர்டு இல்லாத கடையில் ஆம்னிக்கு செல்ஃப் மோட்டார் மாற்றினேன்: நாலு ஸ்டார்

செக்கானூரணி பக்கம் நாலு தோட்டத்துப் பூவைச் சேர்த்து மதுரை மாட்டுத்தாவணி மார்க்கெட்டில் சேர்ப்பது என் பிழைப்பு. வண்டி 2006 மாடல் ஆம்னி. பனிக்காலத்தில் மல்லி வரத்து குறைந்துவிடும், விலை ஏறிவிடும், நாலு தோட்டத்தையும் கூட்டினால்தான் 18 கிலோ தேறும். தை முகூர்த்தத்துக்கு முந்தின நாள் விடியக்காலை அந்த 18 கிலோ அரும்பையும் ஈரச்சாக்கு போர்த்தி ஏற்றிவிட்டுச் சாவியைத் திருப்பினேன். "டக்." அவ்வளவுதான். மறுபடி திருப்பினேன். "டக்." தோட்டத்தில் பூப்பறித்துக்கொண்டிருந்த பெண்கள் நாலு பேர் வந்து தள்ளினார்கள். ரெண்டாவது கியரில் போட்டு கிளட்சை விட்டதும் முதல் தள்ளிலேயே பிடித்துக்கொண்டது. மார்க்கெட் வாசலில் இன்ஜினை அணைக்கப் பயந்து, ஓடவிட்டே இறக்கினேன்.

இது கார்த்திகையிலேயே ஆரம்பித்த வியாதி. பத்துத் தடவைக்கு ஒரு தடவை இப்படி டக் என்று நிற்கும், மறு சாவிக்கு எடுத்துக்கொள்ளும். அப்போதே ஒரு கடைக்குப் போனேன். வண்டியைத் திறந்துகூடப் பார்க்காமல் "பேட்டரி போச்சு" என்றார்கள். 4,200 ரூபாய்க்குப் புது பேட்டரி. நாலாம் நாள் பழையபடி டக். திரும்பப் போனால் "அப்ப சாவி சுவிட்சாத்தான் இருக்கும்" என்று அதையும் மாற்றி 650 வாங்கினார்கள். அந்தக் கடைப் பேரைச் சொல்ல மாட்டேன். அந்தக் கடைக்காரர் வீட்டுக்கு வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை என் பூதான் போகிறது.

இப்போது நான் எழுத வந்த கடை. காளவாசலில் இருந்து பழங்காநத்தம் போகும் பைபாஸ் ரோட்டை ஒட்டி, ஒரு சந்துக்குள், வேப்பமரத்தடியில் தகரக் கொட்டகை. போர்டு கிடையாது. வாசலில் கழற்றிப்போட்ட டைனமோவும் செல்ஃப் மோட்டாரும் (சாவி போட்டதும் இன்ஜினைச் சுற்றிவிடுகிற மோட்டார்) குவிந்து கிடக்கும், அதுதான் அடையாளம். பெரியவர் ஒருவர், உதவிக்கு ஒரு பையன். செல்ஃப், பேட்டரிக்குச் சார்ஜ் ஏற்றுகிற ஆல்டர்னேட்டர், வயரிங் மட்டும்தான் பார்ப்பார். இன்ஜின் வேலை கேட்டால் "அது வேற ஆளு" என்று விடுவார்.

போனதும் அவர் கேட்ட முதல் கேள்வியிலேயே இவர் வேற ரகம் என்று தெரிந்துவிட்டது.

"வண்டி என்ன சத்தம் போடுது தம்பி?"

"ஸ்டார்ட் ஆக மாட்டேங்குதுண்ணே."

"ஸ்டார்ட் ஆனா எதுக்கு இங்கிட்டு வர்றீங்க? சத்தத்தச் சொல்லுங்க. ஒத்த டக்கா, டக்டக்டக்டக்குனு அடிக்குதா, இழுத்து இழுத்துச் சுத்துதா, இல்ல கிர்ருன்னு வெறுஞ்சுத்தா?"

ஒத்த டக் என்றேன். தலையை ஆட்டினார். நான் விடாமல் கேட்டதில் ஒவ்வொன்றாகச் சொன்னார். டக்டக்டக் என்று படபடத்தால் பேட்டரியில் தெம்பில்லை, இல்லாவிட்டால் டெர்மினல் லூஸ். இழுத்து இழுத்துச் சுற்றினால் பேட்டரியும் இருக்கலாம், தடித்த கேபிளும் இருக்கலாம், மோட்டாரே உள்ளுக்குள் உரசலாம். கிர்ர் என்று மோட்டார் மட்டும் தனியாகச் சுற்றி இன்ஜின் அசையாமல் இருந்தால் மோட்டார் நுனியில் இருக்கும் சின்னப் பல்சக்கரம் (பெண்டிக்ஸ்) போய்விட்டது, இன்ஜினோடு சுற்றும் பெரிய சக்கரமான பிளைவீலின் பல்லோடு சேர்ந்து பிடிக்கவில்லை. கறகறவென்று அரைத்தால் பல்லே தேய்ந்திருக்கிறது. ஒத்த டக் என்றால் மோட்டார் தலையில் உட்கார்ந்திருக்கும் காந்த சுவிட்ச் (சொலினாய்டு) தன் வேலையைச் செய்ய இழுக்கிறது, அதற்கப்புறம் எங்கேயோ கரண்ட் நிற்கிறது. எங்கே நிற்கிறது என்று தேடிப் பிடிப்பதுதான் அடுத்த ஒரு மணி நேரம்.

நான் அணைத்த வண்டியை நல்லவேளையாக மறுபடி அந்த டக் பிடித்துக்கொண்டது. (டாக்டரிடம் போனதும் காய்ச்சல் இறங்குகிற கதை வண்டிக்கும் உண்டு, அன்றைக்கு நடக்கவில்லை.) "நியூட்ரலா?" என்று ரெண்டு தடவை கேட்டார். ஹேண்ட் பிரேக்கைத் தானே இழுத்துப் பார்த்தார். ஹெட்லைட்டைப் போடச் சொல்லிச் சாவியைத் திருப்பச் சொன்னார். வெளிச்சம் துளிகூட மங்கவில்லை. மீட்டரைப் பேட்டரியில் வைத்தார், 12.6. சாவி போட்டபோது 12.4.

"மோட்டாரு தின்னா பதினொண்ணுக்காவது இறங்கணும். இது திங்கவே இல்லையே. பேட்டரி குண்டுமணி மாதிரி இருக்கு."

4,200 ரூபாய் அப்போது வயிற்றில் ஒரு சுருட்டு சுருட்டியது.

அடுத்து டெஸ்ட் லைட்டைச் சொலினாய்டின் சின்ன வயரில் வைத்தார். சாவி போட்டதும் நன்றாக எரிந்தது. ஆக, சாவி சுவிட்சும் அதன் வயரும் சுத்தம். அந்த 650ம் தண்டம். கடைசியாக மீட்டரை மோட்டாருக்குப் போகிற தடித்த போல்ட்டில் வைத்தார். சாவி போட்டால் அங்கேயும் 12 வோல்ட் வந்து நிற்கிறது. அதாவது சொலினாய்டு கரண்டைக் கொண்டுவந்து மோட்டார் வாசலில் விடுகிறது, மோட்டார் கதவைத் திறக்கவில்லை. பையனிடம் சுத்தியலை வாங்கி, இரும்புப் பக்கத்தை விட்டுவிட்டு மரப்பிடியால் மோட்டார் உடம்பில் ரெண்டு தட்டு தட்டினார். "இப்பப் போடுங்க" என்றார். எடுத்துக்கொண்டது.

"உள்ள கார்பன் பிரஷ்ஷு தேஞ்சு ஆர்மேச்சரத் தொடல. தட்டுனா தொடும்." ஆர்மேச்சர் என்பது மோட்டாருக்குள் சுற்றுகிற கம்பிச்சுருள், அதற்குக் கரண்ட் கொடுப்பது இந்த பிரஷ்தான்.

"அப்ப தட்டித் தட்டியே ஓட்டலாமாண்ணே?"

"ஓட்டலாம். வண்டிக்கு அடியில படுக்கச் சம்பளத்துக்கு ஒரு ஆள் வெச்சுக்கிட்டா."

மற்ற கடை என்றால் இங்கேயே நிறுத்திவிட்டு மோட்டாரைக் கழற்றியிருப்பார்கள். இவர் மீட்டரின் ஒரு முனையை பேட்டரி மைனஸிலும் இன்னொன்றை இன்ஜின் இரும்பிலும் வைத்து, மறுபடி செல்ஃப் அடிக்கச் சொன்னார். 0.9 காட்டியது. அரை வோல்ட்டே அதிகம், கரண்ட் பேட்டரிக்குத் திரும்புகிற வழியில் தடை இருக்கிறது என்றார். இன்ஜினில் இருந்து பாடிக்கு வருகிற எர்த் பட்டையைப் பிடித்து இழுத்துக் காட்டினார். நுனியெல்லாம் பச்சையாகப் பூத்துக் கிடந்தது. விரலால் தேய்த்துவிட்டு என் சாக்கைப் பார்த்தார்.

"இது உங்க பூத்தண்ணி தம்பி."

ஆம்னிக்கு இன்ஜின் முன் சீட்டுக்கு அடியில். ஈரச்சாக்கில் இருந்து தினமும் வடிகிற தண்ணீர் தரையில் ஓடி, இடுக்கில் இறங்கி, வருஷக்கணக்காகக் கீழே சொட்டியிருக்கிறது. பூ வாடக்கூடாது என்று நான் தெளித்த தண்ணீர்தான் வண்டியைத் தின்றிருக்கிறது. பத்து வருஷமாக இதே வண்டியில் உட்கார்ந்து போகிறேன், ஒரு நாளும் தோன்றவில்லை.

பேட்டரி மைனஸை முதலில் கழற்றி ஓரமாகக் கட்டிவிட்டுத்தான் பையனை அடியில் விட்டார். மோட்டாருக்கு வருகிற தடித்த கேபிள் நேராக பேட்டரியில் இருந்து வருவதாம், ஸ்பானர் பட்டால் பொறி பறக்கும். பத்து நிமிஷத்தில் மோட்டார் வெளியே வந்தது. பிரித்து என் முன்னாலேயே வைத்தார். பிரஷ் புதுசின் பாதிகூட இல்லை. பிரஷ் உரசுகிற செம்பு வளையத்தில் (கம்யூட்டேட்டர்) கரி படிந்து பள்ளம் விழுந்திருந்தது. தண்டைத் தாங்குகிற பின்பக்கத்துப் புஷ் தேய்ந்து முட்டை வடிவம் ஆகியிருந்தது. அதனால் ஆர்மேச்சர் ஒரு பக்கமாகச் சாய்ந்து உரசி, அதன் மேல் பளபளவென்று ஒரு தடம்.

எனக்கு ரொம்பப் பிடித்த கட்டம் இதற்கப்புறம். பலகையின் ஓரத்தில் கரண்ட்டில் ஓடும் ஒரு பழைய பெட்டி, மேலே V மாதிரி வாய். அதில் ஆர்மேச்சரைப் படுக்கவைத்து, ஒரு உடைந்த ஹேக்சா பிளேடை மேலே பிடித்து மெதுவாக உருட்டினார். ஒரு இடத்தில் பிளேடு வண்டு மாதிரி ரீங்கரித்து அதிர்ந்தது. "இங்க ஷார்ட்டு" என்றார். சுருள் ஒன்றோடொன்று ஒட்டிவிட்டால் அந்த இடத்தில் காந்தம் வந்து பிளேடை இழுக்குமாம். இந்தப் பெட்டியைப் பாட்டுக் கச்சேரி மாதிரி பார்த்துக்கொண்டு நின்றேன்.

ஷார்ட் இல்லாமல் இருந்திருந்தால் பிரஷ், புஷ் மட்டும் போட்டு, கம்யூட்டேட்டரை லேத்தில் கடைந்து 900 ரூபாயில் முடித்திருப்பேன் என்றார். இப்போது அப்படிச் செய்தால் ரெண்டு மாசம் ஓடும், அப்புறம் மறுபடி நான் வந்து திட்டுவேன், அது அவருக்கு வேண்டாமாம். புது மோட்டார்தான் என்று முடிவானது.

பையன் ஸ்பேர் கடைக்குப் போன நேரத்தில் டீயோடு உட்கார்ந்து போனை நோண்டினேன். சாவி திருப்பி ஸ்டார்ட் செய்யும் மோட்டாரை அமெரிக்காவில் சார்லஸ் கெட்டரிங் என்பவர் 1911ல் செய்து காட்டி, 1912 காடிலாக் காரில் வந்ததாம். நம்ம டி.வி.எஸ். மதுரையில் தொடங்கியதும் 1911தான். பெரியவரிடம் சொன்னேன். "அதுக்கு முன்னாடி எல்லாம் ஹேண்டில்தான். அம்பாசிடருக்கே நான் ஹேண்டில் போட்டுச் சுத்திருக்கேன், திருப்பி அடிச்சா மணிக்கட்டு போயிரும்" என்று வலது கையைத் தடவினார். 1911 பற்றி அவருக்கு ஒரு அக்கறையும் இல்லை.

புது மோட்டார் வந்ததும் பழசைப் பக்கத்தில் வைத்து நுனிச் சக்கரத்தின் (பினியன்) பல்லை விரலால் எண்ணினார், போல்ட் ஓட்டையின் தூரத்தை ஒத்துப் பார்த்தார். மாட்டுகிற முகத்தை எமரித் தாளால் தேய்க்கச் சொன்னார், ஏனென்றால் மோட்டாருக்கு எர்த் கிடைப்பதே அந்த இரும்பு வழியாகத்தான். மோட்டார் கழன்ற ஓட்டை வழியாக டார்ச் அடித்து, இன்ஜினைக் கையால் சுற்றவைத்து, பிளைவீல் பல்லையும் பார்த்தார். "மூணு சிலிண்டரு. அணைச்சா மூணு எடத்துலதான் வந்து நிக்கும். அந்த மூணு எடத்துலதான் பல்லு தேயும்." என் வண்டிக்கு ஒரு இடத்தில் மட்டும் லேசான தேய்மானம், ஓடும் என்றார். புது எர்த் பட்டை போட்டு, பேட்டரி மாட்டி, சாவி. அரைச் சுற்றில் எடுத்தது. மீட்டரில் செல்ஃப் அடிக்கும்போது 10.8.

மோட்டார் 3,600, எர்த் பட்டை 180, கூலி 500. மொத்தம் 4,280. ஸ்பேர் கடை பில்லையும் வாரண்டி கார்டையும் அப்படியே கையில் கொடுத்தார். பழைய மோட்டாரையும் சாக்கில் சுற்றி ஏற்றிவிட்டார். தாமிரம் இருக்கிறது, எடைக்குப் போட்டால் காசு. வேறு எந்தக் கடையிலும் எனக்குப் பழைய சாமான் திரும்பி வந்ததில்லை.

ஒரே ஒரு திட்டும் வாங்கினேன். எடுக்காத வண்டிக்குச் சாவியை முறுக்கிப் பிடித்தபடியே இருப்பேன் நான். பத்து விநாடிக்கு மேல் பிடிக்காதே, விட்டுவிட்டு ஒரு நிமிஷம் ஆறவிடு, சுருள் வெந்து ஷார்ட் ஆவதே இப்படித்தான் என்றார். ஆக, பேட்டரிக்கு அழுத 4,200க்கு அந்தக் கடை பொறுப்பு, ஆர்மேச்சருக்குப் பாதிப் பொறுப்பு நான்.

இனி குறை. மத்தியானம் ரெண்டு மணிக்குத் தருகிறேன் என்றவர் தந்தது சாயங்காலம் அஞ்சரை. நடுவில் ஒரு ஆட்டோ வந்தது, ஒரு டிராக்டர் ஆல்டர்னேட்டர் வந்தது, எல்லாரையும் பார்த்தார். உட்கார ஒரு பழைய டயர்தான். பையனை எல்லார் முன்னாலும் வைகிறார், கேட்கவே சங்கடமாக இருக்கிறது. அந்தப் பையன் ஸ்பானர் பிடிக்கிற கை நல்ல கை. அந்தப் பையனே கடைசியில் முன் சீட்டைக் கொக்கியில் சரியாகப் பூட்டாமல் விட்டுவிட்டான். நாகமலை தாண்டும்போது பிரேக் போட்டேன், சீட்டோடு நானும் முன்னால் சாய்ந்தேன். ஓரம்கட்டிப் பூட்டிக்கொண்டேன். ஒரு ஸ்டார் குறைத்தது தாமதத்துக்கு இல்லை, இதற்குத்தான். அங்கே போகிறவர்கள் கிளம்புமுன் சீட்டை ஒரு ஆட்டு ஆட்டிப் பார்த்துக்கொள்ளுங்கள்.

மாட்டி ஆறு வாரம் ஆகிறது, ஒரு டக் இல்லை. சாக்குக்கு அடியில் இப்போது விளிம்பு வைத்த பிளாஸ்டிக் தட்டு போட்டிருக்கிறேன், மார்க்கெட்டில் இறக்கும்போது தட்டில் ஒரு செம்பு தண்ணீராவது நிற்கிறது.

காலை பத்து மணிக்கு மேல்தான் திறப்பார், ஞாயிறு கிடையாது. ஜிபே உண்டு. போனில் விலை கேட்டால் சொல்லவே மாட்டார், வண்டியைக் கொண்டுவா, சத்தத்தைக் கேட்கணும் என்பார். ஸ்டார்ட்டே ஆகாத வண்டியை எப்படிண்ணே கொண்டுவருவது என்று கேட்டேன்.

"தள்ளித்தான்" என்றார்.