ரியூசன் கொட்டிலுக்கு வாங்கிய உலகப் படம்

இந்த உலகப் படத்தை வாங்கலாமா என்று கேட்டால் வாங்கலாம், ஆனால் லமினேற் பண்ணினதை எடுக்காதீர்கள். ஏ9 வீதியில் கிளிநொச்சிக் கடை ஒன்றில் 1,850 ரூபாவுக்கு எடுத்தேன், ரியூசன் கொட்டிலில் மாட்டுவதற்கு. பகலில் பிரச்சினை இல்லை. பின்னேர வகுப்புக்கு ரியூப் லைட்டைப் போட்டவுடன் அத்திலாந்திக் சமுத்திரத்துக்கு மேலே வெளிச்சம் பட்டுப் பளபளக்கிறது, பின் வாங்கில் இருக்கிற பிள்ளைகள் தலையைச் சரித்துச் சரித்துத்தான் பார்க்க வேண்டும். சுருட்டித் தந்ததால் கீழ்ப்பக்கம் விரியாமல் மேலே எழும்பிக்கொண்டே இருந்தது, ஒரு பூவரசந்தடியைக் கட்டி இழுத்துவிட்டிருக்கிறேன்.

சரி, இதை எடுத்ததே மலைகளின் பெயர்களுக்காகத்தான். வட அமெரிக்காவின் உயர்ந்த சிகரத்துக்கு 'டெனாலி' என்று பெரிய எழுத்திலும், கீழே அடைப்புக்குறிக்குள் 'மக்கின்லி' என்று சின்ன எழுத்திலும் போட்டிருக்கிறார்கள். நாங்கள் படிக்கும்போது மக்கின்லி என்றுதான் பாடமாக்கினோம். "சேர், சோதனைக்கு எதை எழுதிறது?" என்று ஒருத்தி கேட்க, அன்றைய வகுப்பு முழுக்க அதிலேயே போய்விட்டது.

அலாஸ்காவின் கொயுகொன் மக்கள் காலங்காலமாகச் சொல்லிவந்த பெயர்தான் டெனாலி, உயரமானது என்று பொருள். தெற்கே இருக்கிற தெனைனா மக்கள் அதையே பெரிய மலை என்று தங்கள் மொழியில் சொல்வார்கள். 1896-இல் தங்கம் தேடிப்போன டிக்கி என்பவர் மக்கின்லியின் பெயரை வைத்தார். மக்கின்லி அப்போது அமெரிக்க ஜனாதிபதிகூட இல்லை, வெறும் வேட்பாளர், அலாஸ்காப் பக்கம் ஒருநாளும் போகாத மனுசன்! 1917-இல் அரசாங்கமும் அதையே உறுதியாக்கிவிட்டது. பெயரை மாற்றச் சொல்லி அலாஸ்கா மாநிலம் 1975-இல் கேட்டது, கிடைத்தது 2015-இல், ஒபாமா காலத்தில். அப்புறம் 2025 ஜனவரியில் ட்ரம்ப் வந்து திரும்பவும் மக்கின்லி ஆக்கினார், சுற்றியிருக்கிற தேசியப் பூங்கா மட்டும் இன்னும் டெனாலிதான். இத்தனைக்கும் 1913-இல் அந்த உச்சியில் முதல் கால் வைத்த வோல்ட்டர் ஹார்ப்பர் ஒரு கொயுகொன் தாயின் பிள்ளை.

மணலாறு என்ற இடத்தை வெலிஓயா என்று சிங்களப் பெயரில் பலகையில் வாசிக்கிற பிள்ளைகளுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவைப்படவில்லை. சோதனைக்கு, புத்தகத்தில் இருக்கிறதை எழுதிவிட்டு மற்றதை அடைப்புக்குள் போடச் சொன்னேன்.

ஆனால் படம் போட்டவர்கள் எவரெஸ்டில் கோட்டை விட்டுவிட்டார்கள். திபெத்தியர் சொல்கிற சோமோலுங்மாவும் இல்லை, நேபாளத்தின் சாகர்மாதாவும் இல்லை, இந்தியாவில் நில அளவைத் தலைவராக இருந்த வெள்ளைக்காரரின் பெயர் மட்டும் தனியாக நிற்கிறது. டெனாலிக்கு ஒரு நியாயம், இதற்கு ஒரு நியாயமா? டெனாலியின் உயரமும் 6,194 மீற்றர் என்று பழைய கணக்கு, 2015-இல் அளந்தபோது 6,190. திருத்தி எழுதலாம் என்று பார்த்தால் லமினேற்றில் பேனை பிடிக்காது. துணி ஒட்டின படமும் அதே கடையில் இருக்கிறதாம், விலை கொஞ்சம் கூட. அதைக் கேட்டு வாங்குங்கள்.