துறைமுகம் கேட்ட படகு, மணலில் ஏறிய வள்ளம்

கேரள, குமரிக் கரை மீனவருக்கு வந்த வெளிநாட்டு உதவி என்றாலே பேச்சு நார்வேயில்தான் தொடங்கும். அதன் பக்கத்தில் முட்டத்தையும் வைத்து, எது மீனவனுக்குப் பொருந்தியது என்று பார்க்கலாம். 1952 அக்டோபரில் இந்தியா, நார்வே, ஐ.நா. மூன்றும் ஒப்பந்தம் போட்டன. கொல்லத்தை அடுத்த நீண்டகரை, சக்திகுளங்கரை பக்கம் வேலை தொடங்கியது. விசைப்படகு, நைலான் வலை, ஐஸ் பிளாண்ட், கூடவே ஆஸ்பத்திரி, குழாய்த் தண்ணீர். குழாய்த் தண்ணீர் ஒன்றுக்காகவே அந்தத் திட்டத்துக்கு ஒரு கும்பிடு போடலாம்.

படகில்தான் வில்லங்கம். மரம் குடைந்து செய்த பழைய வள்ளத்திலேயே எஞ்சினை ஏற்றிப் பார்த்தார்கள், சரிப்படவில்லை. அப்புறம் புதுப்படகு கட்டினார்கள். அதை அலை அடிக்கிற மணலில் இழுத்து ஏற்ற முடியாது, ஒதுங்க ஆற்றுமுகம் வேண்டும். அஷ்டமுடிக் காயல் கடலில் சேரும் இடத்தில் இருந்தவர்களுக்கு அது யோகம். திறந்த கரைக்காரன் வேடிக்கை பார்த்தான். அதற்குள் அமெரிக்காவில் இறாலுக்கு விலை ஏற, எல்லாரும் உண்ண மீன் என்று தொடங்கியது இறால் ஏற்றுமதியாக முடிந்தது. பணம் போட வெளியாட்களும் வந்தார்கள். விசைப்படகுகளின் இழுவை மடி, அதாவது கடலடியை வாரி இழுக்கும் வலை, கரையோர மீனை வாரிக்கொண்டே போக, கட்டுமரக்காரர்கள் தெருவில் இறங்கினார்கள். கேரள அரசு 1988-இல் மழைக்கால இழுவைத் தடை கொண்டுவந்தது.

முட்டத்தின் கதை வேறு. கன்னியாகுமரி மாவட்டத்து அந்த ஊரில் பெல்ஜியப் பாதிரியார் பியர் ஜில்லே ஆரம்பித்தது சின்னப் பட்டறை. வந்த உதவியும் சின்னது. ஆனால் கேட்ட கேள்வி சரியானது: வள்ளம் குடையப் பெருமரம் கிடைக்கவில்லை, விலையும் எட்டவில்லை, அதற்கு என்ன வழி? பிளைவுட் பலகையை அளவாக அறுத்து, ஓரத்தில் துளை போட்டு, செம்புக்கம்பியால் தைத்து, மூட்டில் ஃபைபர் துணியும் பசையும் ஒட்டினார்கள். சட்டை தைக்கிற மாதிரிதான். நாலு பேர் தோள்கொடுத்தால் மணலில் ஏறிவிடும். ஊர்ப்பையன்களே கற்றுக்கொண்டு கட்டினார்கள். 1980-இல் உருவான தென்னிந்திய மீனவர் சங்கக் கூட்டமைப்பு, இந்த வள்ளத்தைத் தன் பட்டறைகளில் கட்டிக் கேரளக் கரைக்கும் கொண்டுபோனது. மீனை விற்றுக் கடனடைக்கும் ஏற்பாடும் சங்கத்தின் கையிலேயே இருந்தது, தரகருக்கு அங்கே வேலையில்லை.

என் ஓட்டு முட்டத்துக்கு. இங்கேயும் ஓட்டை இல்லாமலில்லை. வள்ளத்தின் பின்னாலேயே, அதன் வெளிப்பக்கம் மாட்டி மண்ணெண்ணெயில் ஓட்டும் ஜப்பான் அவுட்போர்டு எஞ்சினும் வந்தது. காற்றுக்குப் பாய் விரித்தவன், விடிகாலையில் மண்ணெண்ணெய் கேனோடு நிற்க வேண்டியதாயிற்று.