மஹல் (1949): காது வழியே வரும் பேய்

ரத்தமும் கோர முகமும் இருந்தால்தான் பேய்ப்படம் என்பவர்களுக்கு ‘மஹல்’ சரிப்படாது. பாம்பே டாக்கீஸ் தயாரித்த இந்த இந்திப் படம் பயமுறுத்துவது தூரத்தில் கேட்கும் ஒரு பாட்டை வைத்து. இயக்குநராக கமால் அம்ரோஹிக்கு இதுதான் முதல் படம். பாழடைந்த மாளிகைக்கு வரும் ஹரிசங்கர் (அசோக் குமார்) அங்கே ஓர் ஓவியத்தைப் பார்க்கிறார். எப்போதோ செத்துப்போன மனிதனின் படம். முகமோ அச்சு அசல் இவருடையது. இரவு மணி இரண்டு அடித்ததும் ‘ஆயேகா ஆனேவாலா’ தொடங்குகிறது.

அந்தப் பாட்டின் ஆரம்ப வரிகளில் தாளமே கிடையாது. எங்கிருந்தோ வரும் குரல் மெல்ல மெல்ல நெருங்கி, பல்லவியில்தான் தாளத்தோடு சேர்கிறது. இதற்காக லதா மங்கேஷ்கர் மைக்குக்குத் தள்ளி நின்று, பாடிக்கொண்டே நடந்து வந்தார் என்பார்கள். இசை கேம்சந்த் பிரகாஷ். இதில் ஒரு வேடிக்கை: இசைத்தட்டில் முதலில் பாடகி பெயராக அச்சானது ‘காமினி’, அதாவது மதுபாலா ஏற்ற பாத்திரத்தின் பெயர்!

ஒளிப்பதிவு ஜெர்மானியரான யோசெஃப் விர்ஷிங். பல காட்சிகளில் திரையின் பெரும்பகுதி இருட்டுதான். அதைப் பார்த்துவிட்டு டிவியில் பிரைட்னஸை ஏற்றினால் கறுப்பு சாம்பலாக வெளுத்து, நிழலுக்குள் ஒளிந்திருப்பதெல்லாம் சப்பென்று ஆகிவிடும். திரையின் அகல-உயர விகிதத்தை 4:3-லேயே விடுங்கள். அகலத்துக்கு இழுத்தால் மதுபாலாவுக்குக் கன்னம் உப்பும்.

பிற்பாதியில் ஹரிசங்கர் மனைவியோடு ஊரைவிட்டுப் போன பிறகு சரியான இழுவை. கோர்ட் காட்சிதான் மறுபடி நிமிர்த்துகிறது.

படத்தொகுப்பு செய்த பிமல் ராய், 1958-ல் ‘மதுமதி’யை இயக்கினார்: மறுபடி பழைய மாளிகை, ஓவியம், மறுபிறவி. 1964-ல் வந்த ‘வோ கௌன் தி’யிலும் மர்மப் பெண்ணும் பாட்டும்தான், அதுவே தமிழில் ஜெயலலிதா நடித்த ‘யார் நீ?’ (1966). அதில் வரும் ‘நானே வருவேன்’ பாட்டைக் கேட்டுச் சிலிர்த்தவர்களுக்கு அதன் பாட்டி வீடு இங்கே இருக்கிறது.

முழுதாகப் பார்க்கப் பொறுமை இல்லையென்றால் அந்தப் பாட்டு முடியும்வரையாவது பாருங்கள், ஹெட்போன் மாட்டிக்கொண்டு. போன் ஸ்பீக்கரில் அந்த முதல் வரிகள் காதில் விழுவதே சந்தேகம்.