கிராப் தாளும் மூன்று நிலவறைகளும்

மகளின் கணக்கு கிராப் நோட்டில் நடுப்பக்கம் காணாமல் போனதற்குக் காரணம் நான்தான். இருபதுக்கு இருபது கட்டம் போட்டு, பென்சிலால் சுவர் வரைந்து, பாதியை ரப்பரால் அழித்து, கண்றாவியாக ஆக்கி வைத்திருக்கிறேன். 1981-இல் ஆப்பிள் 2 கணினிக்கு வந்த ‘விசார்ட்ரி’ என்ற கேமின் முதல் தளம் அது. இப்போது கிடைக்கும் புது வடிவத்தில் கேமே வரைபடம் போட்டுத் தந்துவிடும். நான் வீம்புக்கு வரைந்தேன்.

நிலவறைக்குள் ஒரு குழுவைக் கட்டம் கட்டமாக நடத்தி, சண்டை போட்டு வளர்க்கும் டஞ்சன் ஆர்பிஜி கேம்களில் எதை வாங்கலாம் என்று நண்பர்கள் கேட்கும்போதெல்லாம் மூன்று பெயர்களைத்தான் சொல்கிறேன்: விசார்ட்ரி, எட்ரியன் ஒடிசி, லெஜண்ட் ஆஃப் கிரிம்ராக். மூன்றுமே பெரியவர்களுக்கான கேம்கள். அப்படிச் சொன்னதும் ரத்தமும் கவர்ச்சியும் என்று நினைத்துவிட வேண்டாம். நான் சொல்லும் பெரியவருக்கு வேலை இருக்கிறது, வீட்டுக்கடன் இருக்கிறது, ராத்திரி பத்து மணிக்கு மேல் ஒரு மணி நேரம் கிடைக்கிறது. அவர் கிராபிக்ஸைப் பார்த்து வாங்கக் கூடாது. வரைபடத்தை யார் வரைவது, தப்பு செய்தால் என்ன பறிபோகும், இந்த இரண்டையும் பார்த்து வாங்க வேண்டும்.

விசார்ட்ரியில் பறிபோவது நிறைய. ஆண்ட்ரூ கிரீன்பெர்க், ராபர்ட் வுட்ஹெட் என்ற இரண்டு பேர் எழுதியது. வில்லன் வெர்ட்னா, அவனைத் தேடச் சொல்லும் அரசன் டிரெபார். இரண்டு பெயரையும் ஆங்கில எழுத்தில் திருப்பிப் படித்தால் ஆண்ட்ரூவும் ராபர்ட்டும் வந்து நிற்பார்கள். ஆறு பேர் கொண்ட குழு, பத்துத் தளங்கள். ஒருவன் செத்தால் கோயிலுக்குத் தூக்கிப் போய்க் காசு கட்டி உயிர்ப்பிக்கலாம். சடங்கு பலிக்காவிட்டால் சாம்பலாவான், சாம்பலும் பலிக்காவிட்டால் ஆள் பட்டியலிலிருந்தே போய்விடுவான். கட்டிய காசு திரும்பாது. மொத்தக் குழுவும் செத்தால் சடலங்கள் விழுந்த இடத்திலேயே கிடக்கும், புதுக் குழு ஒன்றை வளர்த்து அனுப்பி மீட்க வேண்டும். அந்தக் காலத்தில் சாவு பதிவாவதற்குள், கேம் இருக்கும் பிளாப்பி வட்டை டிரைவிலிருந்து உருவியவர்கள் உண்டு. உருவியவர்களை நான் குறை சொல்ல மாட்டேன்.

கரணம் தப்பினால் மரணம் என்பதை அப்படியே மந்திரமாகவும் வைத்திருக்கிறார்கள். மாலோர் என்று ஒன்று. கிழக்கே இத்தனை, வடக்கே இத்தனை, கீழே இத்தனை என்று எண்ணிச் சொன்னால் அங்கே போய் நிற்கலாம். எண்ணிக்கை பிசகிப் பாறைக்குள் இறங்கினால் ஆறு பேரும் காலி, மீட்கச் சடலம்கூட மிஞ்சாது. கிராப் தாளின் அருமை அந்த இடத்தில்தான் புரியும். நம்மை அறியாமல் திசையைத் திருப்பிவிடும் கட்டங்களும், வெளிச்சம் எடுபடாத பகுதிகளும் வேறு. போதாததற்கு, வரைபடத்தின் மேற்கு ஓரத்தைத் தாண்டினால் கிழக்கு ஓரத்தில் வந்து நிற்போம். இது தெரியாமல் நான் ஒரே தாழ்வாரத்தை இரண்டு முறை வரைந்தேன்.

டிஜிட்டல் எக்லிப்ஸ் நிறுவனம் 2023-இல் முன்னோட்டமாகவும் 2024 மே மாதம் முழுமையாகவும் வெளியிட்ட புது வடிவத்தில் எனக்குப் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. மேலே முப்பரிமாணப் படம் ஓடினாலும் அடியில் ஓடுவது பழைய நிரல்தான். திரையின் மூலையில் அந்த ஆப்பிள் 2 கோட்டுப்படத்தை அப்படியே ஓடவிட்டுப் பார்க்கலாம். இசைக்கு 2025-இல் கிராமி விருது கிடைத்தது. பழைய விதிகளில் சிலவற்றைத் தளர்த்திக்கொள்ள அமைப்புகளும் இருக்கின்றன, தயங்காமல் தளர்த்துங்கள். லெவல் ஏறும்போது பலமோ புத்தியோ குறையவும் செய்யும் என்ற விதியை நான் வைத்துக்கொண்டேன். வயசானால் அப்படித்தானே.

இன்னொரு ரகசியம்: பத்துத் தளத்தையும் சுற்ற வேண்டியதில்லை. நான்காம் தளத்தில் நீல ரிப்பன் கிடைத்தால் லிஃப்டில் நேராக ஒன்பதுக்குப் போகலாம். நடுவிலுள்ள தளங்கள் அனுபவம் சேர்க்க மட்டும்.

அப்புறம் எட்ரியன் ஒடிசி. ஜப்பானில் விசார்ட்ரிக்கு இருந்த மவுசு அமெரிக்காவில்கூட இல்லை, அந்த மண்ணில் முளைத்தது இது. அட்லஸ் நிறுவனம் 2007-இல் நிண்டெண்டோ டிஎஸ் என்ற இரட்டைத் திரைக் கையடக்கக் கருவிக்குக் கொண்டுவந்தது. மேல் திரையில் காடு, கீழ்த் திரையில் வெறும் கட்டத்தாள். ஸ்டைலஸ் பேனாவால் நாமே வரைய வேண்டும். கிராப் நோட்டையே கேமுக்குள் வைத்துவிட்டார்கள். வேறு யாருக்கும் தோன்றாத இன்னொரு கருணையும் இதில் உண்டு: குழு முழுவதும் செத்தாலும், வரைந்த வரைபடத்தை மட்டும் சேமிக்கலாம். அனுபவப் புள்ளி போகும், கொண்டுவந்த பொருள் போகும், உங்கள் கைவேலை போகாது. ஒரு மணி நேரத்தில் ஒன்றுமே மிஞ்சவில்லை என்ற எரிச்சலோடு படுக்கப் போக வேண்டியதில்லை.

சண்டை முறை வைத்து ஆடுவது, அவசரமே இல்லை. ஆனால் காட்டுப்பாதையில் சில பெரிய மிருகங்கள் கண்ணுக்குத் தெரியும்படி உலாவும். நீங்கள் ஒரு அடி வைத்தால் அதுவும் ஒரு அடி வைக்கும். ஆடு புலி ஆட்டம்தான், இதில் ஆடு நாம். இரண்டாம் தளத்து மானை ஜெயித்துவிடலாம் என்று போய் மூன்று சுற்றில் ஐந்து பேரையும் பறிகொடுத்தேன். சரி, அடுத்த முறை ஒதுங்கிப் போவோம் என்று போனால், ஊருக்குத் திரும்ப உதவும் அரியாட்னே நூலை வாங்க மறந்திருந்தேன். விலையை யோசிக்காமல் எப்போதும் ஒன்று பையில் இருக்கட்டும்.

முதல் மூன்று பாகங்கள் 2023 ஜூனில் நிண்டெண்டோவின் ஸ்விட்ச் கருவிக்கும் கணினிக்கும் எச்டி வடிவில் வந்தன. இரண்டு திரை ஒன்றானதில் கொஞ்சம் நஷ்டம்தான். மவுஸிலோ ஸ்விட்சின் தொடுதிரையிலோ வரைவது சுகம், ஜாய்ஸ்டிக்கில் வரைவது தண்டனை. பிக்னிக் என்ற எளிய நிலை இருக்கிறது, ஆனால் அதில் பயம் போய்விடுகிறது, பயம் போனால் வரைபடத்துக்கு மதிப்பில்லை. கதை என்று பெரிதாக எதிர்பார்க்காதீர்கள். யூசோ கோஷிரோவின் இசை போதும். விலைதான் உறுத்தும்: மூன்று பாகமும் சேர்த்து வெளியானபோது 80 டாலர். தள்ளுபடிக்குக் காத்திருங்கள்.

கிரிம்ராக்கைப் பற்றிக் கொஞ்சம் குறைவாகத்தான் சொல்வேன், அது மோசம் என்பதால் அல்ல. பின்லாந்தில் நான்கு பேர் சேர்ந்து செய்து 2012-இல் வெளியிட்டது. 1987-இல் வந்த ‘டஞ்சன் மாஸ்டர்’ வழியில், எல்லாம் நிகழ்நேரத்தில் நடக்கும். நத்தை வந்தால் பக்கவாட்டில் ஒரு கட்டம் தாவி, திரும்பி, குத்தி, மறுபடி தாவ வேண்டும். பாண்டி ஆடுவது மாதிரி. மந்திரம் போடுவதற்கு ஒன்பது குறிகளில் சரியானதை அமுக்க வேண்டும், அதற்குள் ஓகர் என்ற ராட்சதன் மண்டையைப் பிளந்துவிடுவான். நாள் முழுக்கக் கணினி முன் உட்கார்ந்த விரல்களுக்கு இது ஒத்துவராது. ஆனால் சுவரில் ஒளிந்திருக்கும் பொத்தான்களும், கல்லை வைத்து அழுத்தும் தரைத்தகடுகளும் கொண்ட புதிர்களில் இதை மிஞ்ச மற்ற இரண்டாலும் முடியாது. நினைத்த இடத்தில் சேவ் செய்யலாம். மூன்றில் விலை குறைவும் இதுதான். தானியங்கி வரைபடத்தை அணைத்துவிடும் பழைய பாணி நிலையும் உண்டு, அதற்காகவே அச்சடித்துக்கொள்ளக் கட்டத்தாளும் தந்தார்கள். 2014-இல் வந்த இரண்டாம் பாகத்தில் விவசாயி என்று ஒரு கதாபாத்திர வகை: அவன் சண்டையில் அனுபவம் பெறுவதில்லை, சாப்பிட்டு லெவல் ஏறுகிறான். எனக்குப் பிடித்த கதாபாத்திரம்.

ஒன்றுதான் வாங்க முடியும் என்பவருக்கு எட்ரியன். முதல் பாகத்திலிருந்தே தொடங்கட்டும். சனிக்கிழமை மதியம் முழுசாகக் கிடைத்தால் கிரிம்ராக் இரண்டு. விசார்ட்ரியின் பெயரைச் சொல்வேனே தவிர யாரையும் வாங்கச் சொல்வதில்லை, கேட்டால் மட்டும் இரண்டு மணி நேரம் பேசுவேன்.

இப்போதுகூட நான்காம் தளத்தில் எனது பழைய குழு கிடக்கிறது. மீட்கப் போக வேண்டிய புதுக் குழு முதல் தளத்தில், மர்ஃபியின் ஆவி என்ற எதிரி காத்திருக்கும் ஒரே அறைக்குள் திரும்பத் திரும்பப் போய் அனுபவப் புள்ளி சேர்த்துக்கொண்டிருக்கிறது. மந்திரம் தீர்ந்ததும் விடுதியின் குதிரை லாயத்தில் படுக்கிறார்கள். அங்கே காயம் ஆறாது, மந்திரம் மட்டும் திரும்பும், வாடகை கிடையாது.