குயிலியா, மயூரியா, அன்றிலா?

என் தங்கையின் மகளுக்குப் பறவைப் பெயர்தான் என்று முடிவானபோது, கடைசிவரை போட்டியில் நின்றவை குயிலி, மயூரி, அன்றில் ஆகிய மூன்றும்.

மயூரி என்பது பெண்மயிலைக் குறிக்கும் வடசொல். அம்பிகை மயில் உருக்கொண்டு சிவனை வழிபட்ட தலம் என்று புராணம் கூறும் மயிலாடுதுறை, 1982 வரை மாயூரம் என்றே வழங்கியதால், அவ்வூர்ப் பக்கத்தாருக்கு இப்பெயர் அழகோடு பக்தியையும் சேர்த்தே தருகிறது. வேற்று மாநிலத்தாரும் தடுமாறாமல் சொல்லலாம். ஆயினும் பெயரைக் கேட்டதும் மனத்தில் விரியும் நீண்ட தோகை ஆண்மயிலுக்கே உரியது.

குயிலியிலும் அதே முரண் உண்டு. நாம் மயங்கும் கூவல் கரிய ஆண்குயிலுடையது; புள்ளிகள் நிறைந்த பழுப்புநிறப் பேடையோ ‘கிக் கிக்’ என்று வெடுக்கெனக் கத்தும். காக்கைக் கூட்டில் முட்டையிட்டுவிட்டுப் போகும் பறவையின் பெயரா என்று எங்கள் அத்தை முகம் சுளித்தார். ஆனால் 1780இல் வேலு நாச்சியார் சிவகங்கையை மீட்ட போரில், தன் உடலில் தீ மூட்டிக்கொண்டு ஆங்கிலேயரின் வெடிமருந்துக் கிடங்கில் பாய்ந்ததாகச் சொல்லப்படும் குயிலியின் நினைவு, இப்பெயரைப் பறவையிடமிருந்தே பிரித்துத் தனியே நிறுத்திவிட்டது. தெருமுனையிலிருந்து ‘குயிலீ’ என்று நீட்டி அழைக்கவும் வசதி.

இணைபிரியாக் காதலுக்கு அடையாளமாகச் சொல்லப்படுவதால், பொருளாழத்தில் அன்றிலுக்கு நிகரில்லை. நெருப்பைப் போன்ற செந்தலையும் இறால்போல் வளைந்த அலகும் உடையதாகக் குறுந்தொகை 160ஆம் பாடல் காட்டும் இப்பறவையை, அரிவாள் மூக்கன் என்று கருதுவோர் உண்டு. அதில் ஆணும் பெண்ணும் ஒரே தோற்றம் கொண்டவை என்பதால் மற்ற இரண்டிலும் உள்ள முரண் இங்கே எழுவதில்லை. எனினும் சங்கப் பாடல்களில் நள்ளிரவில் அதன் குரல் கேட்டுத் தலைவி கலங்குவதே வழக்கம். அந்தத் துயரத்தைப் பச்சைக் குழந்தையின் மேல் ஏற்ற எனக்கு மனமில்லை. மெய்யெழுத்தில் முடிவதால் வீட்டுப் பேச்சில் அது ‘அன்றிலு’ ஆகிவிடும் என்பது வேறு.

என் வாக்கு குயிலிக்கு, மைத்துனருக்கு மயூரி. பிறப்புப் பதிவில் 12 மாதங்களுக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம் என்பதால் இருவரும் விட்டுக்கொடுக்கவில்லை. இன்னும் இரண்டு மாதம் இருக்கிறது. அதுவரை அவள் பாப்பாதான்.