ஒரு குரல், இரண்டு பழைய பெட்டிகள்: எல்ஏ-2ஏவா, 1176ஆ?

குரலை மிக்ஸ் செய்ய உட்கார்ந்தால் என் கை போவது இந்த இரண்டு கம்ப்ரஸர் (ஏறும் சத்தத்தை அழுத்திச் சமப்படுத்தும் கருவி) ப்ளக்இன்களில் ஒன்றுக்குத்தான். இரண்டுமே 1960களின் பெட்டிகளை மென்பொருளாக்கியவை. ஒன்று டெலட்ரானிக்ஸ் எல்ஏ-2ஏ. மற்றது பில் புட்னம் 1967இல் கொண்டுவந்த 1176.

எல்ஏ-2ஏ வேலை செய்வது வெளிச்சத்தால். சத்தம் ஏறினால் உள்ளே ஒரு சின்னத் தகடு ஒளிரும். பக்கத்தில் இருக்கும் ஒளியுணர் மின்தடை அந்த வெளிச்சத்துக்கு ஏற்ப மாற, சத்தம் அடங்கும். வெளிச்சம் போனதும் அது உடனே பழைய நிலைக்கு வந்துவிடாது. பாதி தூரம் சுமார் 60 மில்லிசெகண்டில் வரும், மீதிக்குச் சில செகண்டுகள்கூட ஆகும். சத்தத்தை நிறைய நேரம் அழுத்தியிருந்தால் இன்னும் நிதானமாக வரும். இழுத்துப் பாடும் வரிகளில் கம்ப்ரஸர் இருப்பதே தெரியாமல் போவது இதனால்தான். குமிழ்களும் முக்கியமாக இரண்டே.

1176 எஃப்இடி என்ற வகை டிரான்சிஸ்டரில் ஓடுவது. அட்டாக், அதாவது சத்தம் ஏறியதும் அதை அழுத்த எடுக்கும் நேரம், 20 முதல் 800 மைக்ரோசெகண்ட் வரை. மிக மெதுவாக வைத்தாலும் ஒரு மில்லிசெகண்டைத் தாண்டாது. குமிழை வலப்பக்கம் திருப்பினால்தான் வேகம் கூடும், இதில் பலர் ஏமாறுகிறார்கள். ‘தட்டு’ என்று பாடும் இடத்தை மட்டும் லூப்பில் ஓடவிட்டுக் கேளுங்கள். அட்டாக் முழு வேகத்தில் இருந்தால் ‘ட்டு’வின் முனை மழுங்கி, சொல்லே பின்னால் போய்விடும். இடப்பக்கம் கொண்டுவந்தால் அந்த முனை தப்பித்து வெளியே வரும். வேகமான, தாளத்தோடு ஒட்டிய பாட்டுக்கு இதுதான் உயிர்.

சரி, எதை வைத்தாலும் உள்ளே போகும் அளவைக் கவனியுங்கள். 1176இல் த்ரெஷோல்ட் (எந்த அளவுக்கு மேல் அழுத்த வேண்டும் என்ற எல்லை) குமிழே கிடையாது, இன்புட்தான் எல்லாம்; அதை ஏற்றினால் அழுத்தமும் கூடும். இப்படிப்பட்ட ப்ளக்இன்கள் பலவும் -18 டிபிஎஃப்எஸ் (டிஜிட்டல் உச்சத்துக்கு 18 டெசிபல் கீழே) அளவை 0 வியூ (பழைய பெட்டிகளின் மீட்டரில் இயல்பான அளவு) என்று எடுத்துக்கொள்ளும். சத்தமாகப் பதிவான குரலை அப்படியே தள்ளினால் எவ்வளவு அழுத்துகிறது என்று காட்டும் முள் ஓரத்திலேயே ஒட்டிக்கொள்ளும். ஒப்பிடும்போது அவுட்புட்டையும் சமமாக வையுங்கள், கொஞ்சம் சத்தம் கூடினாலே காதுக்கு நன்றாகத் தோன்றும்.

ஒன்றுதான் வாங்க முடியும் என்றால் 1176 வாங்குங்கள். ரேஷியோ 4 (எல்லையைத் தாண்டும் 4 டெசிபல் 1 ஆக அடங்கும்), மெதுவான அட்டாக், முள் 3 டெசிபல் அளவுக்கு இறங்கினால் போதும். நிதானமான குரலுக்கும் ஒத்துவரும். எல்ஏ-2ஏவை வேகப்படுத்த அதில் குமிழ் இல்லை.