மஞ்சக்குப்பத்தில் ஒரு வழக்கறிஞர் அலுவலகம்: எங்கள் அனுபவம்

கணவர் வீட்டுக் கொடுமை குறித்து என் தங்கை அளித்த புகாரில், மாப்பிள்ளை முன்ஜாமீன் கோரியதும், ஆட்சேபணை மனு தாக்கல் செய்யக் கடலூர் மஞ்சக்குப்பத்திலுள்ள ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தை நாடினோம். பெயரைத் தவிர்க்கிறேன்.

குற்றங்களுக்கான தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவில், கணவர் வீட்டுக் கொடுமைக்கான 85-ஆம் பிரிவு ஜாமீனை உரிமையாகக் கோர முடியாத குற்றம் என்பதால் உடனே கைது நடக்கும் என்றே நம்பியிருந்தோம். ஆனால் அதிகபட்சத் தண்டனை 3 ஆண்டுகள்தான் என்பதையும், 7 ஆண்டுகள் வரை தண்டனையுள்ள குற்றங்களில் இயந்திரத்தனமாகக் கைது செய்யக் கூடாது என உச்ச நீதிமன்றம் 2014-இல் கூறியதையும் வழக்கறிஞர் அம்மா முதல் நாளே ஒளிக்காமல் சொல்லிவிட்டார். ஜாமீனைத் தடுப்பதைவிட நிபந்தனைகளை வலுவாகக் கேட்பதே பயன் தரும் என்பது அவர் கருத்து. அப்போது எனக்கு அது கசந்தது.

நிபந்தனைகளுடன் முன்ஜாமீன் வழங்கப்பட்டது. அந்த உத்தரவு நகலில், தினமும் காலை 10.30 மணிக்குக் காவல் நிலையத்தில் கையொப்பமிட வேண்டும், சாட்சிகளை மிரட்டக் கூடாது என்ற வரிகளைச் சிவப்புப் பென்சிலால் அடிக்கோடிட்டு, மீறினால் ஜாமீனை ரத்து செய்யக் கோரலாம் என்று தங்கைக்கு இருமுறை விளக்கினார்.

குறை குமாஸ்தாவிடம்தான். நகல் செலவென்று மும்முறை பணம் வாங்கியவர், ஒருமுறைகூட ரசீது தரவில்லை. பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு என்பதும், அதற்கு 15100 என்ற தொலைபேசி உதவி எண் இருப்பதும் பின்னரே தெரிந்தன. வசதியில்லாதவர்கள் முதலில் அங்கே கேட்டுப் பார்க்கலாம்.